சாவுப் பள்ளத்தில் நாயகன் மட்டும் பிழைப்பது எப்படி?

அன்றிரவு அவனைக் காவலுக்கு நிற்க வையுங்கள், போதும். உங்கள் கதையில் இரவு பள்ளத்தில் தங்கிய படை முழுக்கச் சாபத்தால் சாக, அவன் மட்டும் தப்புவதை வாசகர் யாரும் நம்பவில்லை என்கிறீர்கள். சாபம் ஆள் பார்த்து ஒருவனை மட்டும் விட்டுவிடுவதுதான் அங்கே இடிக்கிறது.

சாபத்துக்கு அடியில் கரியமில வாயுவை வையுங்கள். காற்றைவிட ஏறக்குறைய ஒன்றரை மடங்கு கனம், வாசனை கிடையாது, பள்ளத்தில் தண்ணீர் போலத் தேங்கும். முழங்கால் உயரத்துக்குத் தேங்கினால் படுத்தவன் எழமாட்டான், நிற்பவனுக்கு ஒன்றும் ஆகாது. இத்தாலியின் நேப்பிள்ஸ் அருகே ஒரு குகையில் முன்பெல்லாம் நாய் மயங்கி விழும், கூடப் போன மனிதன் சும்மா நிற்பான். 1986இல் கேமரூனின் நியோஸ் ஏரி ஒரே இரவில் கக்கிய வாயுவில் சுமார் 1,700 பேர் இறந்தார்கள்.

காட்சியை ஒரு தீப்பந்தத்தோடு எழுதிப் பாருங்கள். முகத்தருகே எரிகிறது, முழங்காலுக்கு இறக்கியதும் பொசுக்கென்று அணைகிறது. சரி, நண்பனை எழுப்ப அவன் குனிவானா? உங்கள் கதையே அங்கேதான் இருக்கிறது.

ஆனால் காற்று வீசினால் வாயு கலைந்துவிடும். உங்கள் இரண்டாம் அத்தியாயப் புயலை வேறு இரவுக்கு மாற்றுங்கள். அப்புறம், ஊர்க்கிழவி வாயில் இந்த விளக்கத்தை வைத்துவிடாதீர்கள். அவளுக்கு அது பேயாகவே இருக்கட்டும்.