எந்த ஐயர்?

கேள்வி: சென்ற இதழில் டெல்லி கணேஷைப் பன்முக நடிகர் என்று புகழ்ந்திருந்தீர்கள். நானூறு படங்களுக்கு மேல் நடித்தாலும் அவர் செய்தது ஒரே ஐயர் வேடந்தானே? அவ்வளவு திறமை இருந்திருந்தால் கதாநாயகனாகியிருக்க மாட்டாரா? (வாசகர், நிலாவெளி)

பதில்: போர்க்காலத்தில் வீடியோ டெக்கும் தொலைக்காட்சிப் பெட்டியும் வாடகைக்கு எடுத்து, மின்சாரம் இல்லாத இரவுகளில் ஜெனரேட்டர் இரைச்சலுக்கு நடுவே மூன்று நான்கு படங்களை அடுத்தடுத்துப் போட்டுப் பார்த்த திருகோணமலைக்காரருக்கு, விடியும் நேரத்தில் எல்லா ஐயர்களும் ஒருவராகத் தெரிந்திருந்தால், அதற்கு நித்திரையைத்தான் குற்றம் சொல்ல வேண்டும், நடிகரை அல்ல.

முதலில் ஐயர் அல்லாதவர்களைப் பார்ப்போம். துரை இயக்கிய 'பசி' (1979) ஷோபாவுக்குத் தேசிய விருது பெற்றுத் தந்த படம் என்பது பலருக்கும் நினைவிருக்கும். அதில் அவருடைய தந்தையாக, சென்னைச் சேரியில் வாழும் ரிக்‌ஷாக்காரராக நடித்துத் தமிழ்நாடு அரசின் சிறப்புப் பரிசைப் பெற்றவர் யார் என்பதை நீங்கள் மறந்துவிட்டீர்கள். 'சிந்து பைரவி'யில் (1985) குடிப்பழக்கத்தால் பாடகரின் கோபத்துக்கு ஆளாகும் மிருதங்கக்காரரும், 'அபூர்வ சகோதரர்க'ளில் (1989) வில்லன்கள் நால்வருள் ஒருவரான பிரான்சிஸ் அன்பரசுவும் அவரே.

இனி உங்கள் ஐயர்கள். 'நாயகன்' (1987) படத்து ஐயர், இந்தி தெரியாத வேலு நாயக்கருக்கும் பம்பாய்க்கும் நடுவில் நின்று ஒருவர் சொல்லை மற்றவருக்கு எடுத்துக் கொடுப்பவர். தன் சொந்தச் சொல் என்று அவருக்கு அங்கே இருப்பது மிகக் குறைவு. 'மைக்கேல் மதன காமராஜ'னின் (1990) பாலக்காட்டு மணி ஐயரோ, கல்யாணச் சாம்பாரில் மீன் விழுந்த களேபரத்தில் மானம் போய்விடுமே என்று பதறும் சமையற்காரர். 'அவ்வை சண்முகி'யின் (1996) சேதுராம ஐயர் எசமானின் காலடியில் இருந்துகொண்டே தன் காரியத்தைப் பார்க்கும் ஆசாமி. இந்த மூவரையும் ஒரே பந்தியில் உட்கார வைத்தால், ஒருவருக்கொருவர் தண்ணீர் கூட ஊற்றிக்கொள்ள மாட்டார்கள்.

இந்த வேறுபாடு எங்கிருந்து வந்தது என்று கேட்டிருந்தால் உங்கள் கேள்வி இன்னும் நன்றாக இருந்திருக்கும். வல்லநாட்டில் பிறந்து, 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் பணிபுரிந்த அவர், டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவின் மேடையில் தேறியவர். விசுவின் 'பட்டினப்பிரவேசம்' நாடகத்தை கே. பாலசந்தர் படமாக்கியபோது (1977) திரைக்கு வந்தார். பெயருக்கு முன் 'டெல்லி' சேர்ந்ததும் பாலசந்தரால்தான். மேடையில் நின்று பழகியவருக்குத்தான், மற்றவர் பேசும்போது தான் என்ன செய்வது என்பது தெரியும். கிரேசி மோகன் என்ற இன்னொரு நாடகக்காரர் எழுதிய வசனங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக விழுபவை. ஒருவர் அரை நொடி பிந்தினாலும் அடுத்தவருடைய சிரிப்புச் செத்துவிடும். கமல்ஹாசன் தம் நகைச்சுவைப் படங்களுக்கு இவரை மீண்டும் மீண்டும் அழைத்ததற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை. கமல் நம்முடைய இலங்கைத் தமிழைப் பேசிய (பேச முயன்ற என்று திருத்துவோர் இங்கே உண்டு) 'தெனாலி'யிலும் (2000), சக மருத்துவர்மீது கொண்ட பொறாமையால் நோயாளியை அவரிடம் ஏவிவிடும் பஞ்சபூதமாக வந்து கதையையே தொடக்கி வைப்பவர் இவர்தான்.

கதாநாயகனாகவில்லையே என்ற உங்கள் இரண்டாவது அம்பும் குறி தவறியது. 'எங்கம்மா மகாராணி'யில் (1981) அவர் நாயகனாகவே நடித்தார். அதே ஆண்டில் வந்த '47 நாட்கள்' படத்தில் சிரஞ்சீவிக்குத் தமிழ்க் குரல் கொடுத்தவரும் அவரே. நாயகன் முகம் ஒருவருடையது, மிரட்டிய குரல் இவருடையது. மற்றபடி, நமது கூத்தில் கட்டியகாரன் வந்து கட்டியம் கூறிய பிறகுதான் அரசன் சபைக்கு வருகிறான். அவன் தடுமாறினால் அரசனுடைய கிரீடம் எவ்வளவு மினுங்கினாலும் சபை கலைந்துவிடும் என்பதை கூத்துப் பழக்கும் எந்த அண்ணாவியாரிடம் கேட்டாலும் சொல்வார். கட்டியகாரனைப் பார்த்து, நீ ஏன் அரசனாகவில்லை என்று அங்கே யாரும் கேட்பதில்லை.

2024 நவம்பர் 9ஆம் திகதி, 80ஆவது வயதில் அவர் மறைந்தார். நீங்கள் அடுத்த கடிதம் எழுதுவதற்கு முன் 'பசி'யை, இம்முறை பகலில், ஒருமுறை பாருங்கள். அதன் பிறகும் ஒரே ஐயர் என்றுதான் தோன்றினால், அது எந்த ஐயர் என்று பெயர் குறிப்பிட்டு எழுதுங்கள், பிரசுரிக்கிறேன்.