அறிவியல், கணிதக் கணக்கீடுகளுக்கு ஆப்ஜெக்ட் ஓரியண்டட் முறை கற்க எந்தப் புத்தகம் நல்லது?

கேள்வியைப் பார்த்தால், நீங்கள் கணினித் துறைக்காரர் இல்லை என்று தோன்றுகிறது. இயற்பியலோ பொறியியலோ படித்திருப்பீர்கள், யாரோ விட்டுப்போன நீளமான ஒரு நிரல் உங்கள் தலையில் விழுந்திருக்கும், ஓர் இடத்தைத் தொட்டால் வேறெங்கோ உடையும், பக்கத்து மேசைக்காரர் "இதை கிளாஸ் போட்டு எழுதக் கூடாதா" என்று கேட்டிருப்பார் (கிளாஸ் என்றால் தரவையும் அதன் மேல் செய்யும் வேலைகளையும் சேர்த்துக் கட்டிய வார்ப்பு, அதிலிருந்து உருவாகும் ஒவ்வொன்றும் ஓர் ஆப்ஜெக்ட்). இல்லையென்றாலும் சரி, அப்படி வைத்துக்கொண்டே சொல்கிறேன்.

முதலில் எதை வாங்க வேண்டாம் என்று சொல்லிவிடுகிறேன். விலங்கு என்று ஒரு கிளாஸ், அதிலிருந்து நாய், பூனை, நாய் குரைக்கும், பூனை கத்தும் என்று ஆரம்பிக்கிற புத்தகம் நமக்கு ஆகாது. திரையில் பொத்தான் வைப்பவருக்கும் வங்கிக் கணக்கு எழுதுபவருக்கும் அது போதும், அவர்களை நான் குறை சொல்லவில்லை, தயவுசெய்து சண்டைக்கு வராதீர்கள். நம் வேலை ஒரே கணக்கைக் கோடிக்கணக்கான எண்கள் மேல் திரும்பத் திரும்பச் செய்வது. அங்கே அந்தப் பாடத்தை அப்படியே கொண்டுவந்தால் என்ன ஆகும் என்பதை நான் கிட்டத்திலிருந்து பார்த்தவன்.

துகள் சிமுலேஷன் எழுதும் குழு ஒன்றில் வேலை செய்துகொண்டிருந்தேன். நிரலைச் "சீரமைக்க" வெளியிலிருந்து ஓர் ஆலோசகரை அழைத்து வந்தார்கள். துகள் என்று ஓர் அடிப்படை கிளாஸ், எலக்ட்ரானும் அயனியும் அதன் வாரிசுகள், ஒவ்வொரு துகளும் ஓர் ஆப்ஜெக்ட், விசையைக் கணக்கிட ஒரு வெர்ச்சுவல் ஃபங்ஷன், அதாவது எந்த வாரிசின் கணக்கை ஓட்டுவது என்று நிரல் ஓடும்போதுதான் முடிவாகும் ஃபங்ஷன். படம் போட்டுக் காட்டியபோது அழகாகத்தான் இருந்தது. இது ஓடாது என்று சொன்னேன். "ஃபோர்ட்ரான் காலத்து ஆள்" என்று, அந்தப் பழைய நிரல் மொழியின் பெயரைச் சொல்லிச் சிரித்துவிட்டுப் போனார்கள்.

ஏன் ஓடாது என்றால், ஒரு துகளுக்கு இடம் மூன்று எண், வேகம் மூன்று, நிறை, மின்னூட்டம் என்று மொத்தம் எட்டு. டபுள், அதாவது தசம எண் வைக்கும் வகை, ஒன்றுக்கு 8 பைட், ஆக 64 பைட். இன்றைய பெரும்பாலான பிராசஸர்களில் ஒரு கேஷ் லைனின், அதாவது நினைவகத்திலிருந்து ஒரே தடவையில் இழுக்கும் துண்டின், அளவும் 64 பைட்தான். மொத்த மின்னூட்டத்தைக் கூட்ட வேண்டுமென்றால் ஒவ்வொரு துகளுக்கும் 64 பைட்டை நினைவகத்திலிருந்து இழுத்து வந்து 8 பைட்டை மட்டும் பயன்படுத்துகிறோம், மீதி வீண். இதற்கு மேல் அந்த வெர்ச்சுவல் ஃபங்ஷன். லூப்புக்குள் எந்த ஃபங்ஷன் ஓடப்போகிறது என்று கம்பைலருக்கு முன்கூட்டியே தெரியாவிட்டால் அது இன்லைன் செய்யாது (ஃபங்ஷனின் வரிகளை அழைக்கும் இடத்திலேயே பதிக்காது), நான்கு, எட்டு என்று பல எண்களை ஒரே கட்டளையில் பெருக்கும் வெக்டர் வசதியும் கைவிட்டுப் போகும்.

சொன்னபடியே நடந்தது, பழைய நிரலைவிடப் புதியது படுத்துவிட்டது. ஆலோசகரும் போய்விட்டார். கடைசியில் துகளுக்கு ஒரு கிளாஸ் என்பதை விட்டு, துகள்கள் எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே கிளாஸ் எழுதினேன். உள்ளே இடத்துக்குத் தனி அரே (எண்களை அடுத்தடுத்து வைக்கும் வரிசை), வேகத்துக்குத் தனி அரே, மின்னூட்டத்துக்குத் தனி அரே. வெளியே இருப்பவருக்கு உள்ளே எப்படி அடுக்கியிருக்கிறது என்று தெரியவே வேண்டாம். இதுவும் ஆப்ஜெக்ட் ஓரியண்டட்தான் ஐயா! ஆப்ஜெக்டின் எல்லையை எங்கே போடுகிறோம் என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

ஆகவே அந்த எல்லையைப் பற்றிப் பேசுகிற புத்தகத்தைத் தேடுங்கள். நேரியல் சமன்பாடுகளைப் படிப்படியாகத் தீர்க்கும் கான்ஜுகேட் கிரேடியன்ட் முறையை எடுத்துக்கொள்ளுங்கள், ஹெஸ்டனஸும் ஸ்டீஃபெலும் 1952-இல் வெளியிட்டது. அதற்கு மேட்ரிக்ஸின் உறுப்புகள் தேவையே இல்லை, ஒரு வெக்டரைக் கொடுத்தால் மேட்ரிக்ஸால் பெருக்கித் திருப்பித் தர ஏதாவது ஒன்று இருந்தால் போதும். அந்த "ஏதாவது ஒன்று"தான் சரியான ஆப்ஜெக்ட். பத்து லட்சம் வரிசை கொண்ட பெருக்கலுக்கு ஒரு வெர்ச்சுவல் அழைப்பு என்றால் அந்தச் செலவு கண்ணுக்கே தெரியாது. பெரிய சமன்பாடுகளைத் தீர்க்க உதவும் பெட்சி (PETSc) நூலகம் இப்படித்தான் கட்டப்பட்டிருக்கிறது, அதுவும் கிளாஸ் என்பதே இல்லாத சி மொழியில்.

சரி, புத்தகங்கள். ஃபோர்ட்ரான் தெரிந்தவரென்றால் ரவுசன், ஷியா, ஷு மூவரும் எழுதிய "சயின்டிஃபிக் சாஃப்ட்வேர் டிசைன்: தி ஆப்ஜெக்ட் ஓரியண்டட் வே" (2011). ஃபோர்ட்ரான் 2003-இல் வந்த டைப் நீட்டிப்பையும் டைப்போடு கட்டிய புரொசீஜர்களையும் (கிளாஸுக்கும் அதன் வாரிசுகளுக்கும் ஃபோர்ட்ரான் தரும் வடிவம்) வைத்தே டிசைன் பேட்டர்ன்களை, அதாவது அடிக்கடி வரும் வடிவமைப்புச் சிக்கல்களுக்கான தயார் தீர்வுகளை, நடத்துகிறார்கள், சி பிளஸ் பிளஸும் கூடவே வருகிறது. எளிதான புத்தகம் இல்லை. சி பிளஸ் பிளஸ் புதிது என்றால் பிட்-ஃபிரான்சிஸ், வைட்லி எழுதிய "கைடு டு சயின்டிஃபிக் கம்ப்யூட்டிங் இன் சி பிளஸ் பிளஸ்" (2012, பிறகு இரண்டாம் பதிப்பும் வந்தது) போதும், மெதுவாக அழைத்துப் போகும். பார்ட்டனும் நாக்மனும் 1994-இல் எழுதிய சி பிளஸ் பிளஸ் புத்தகத்தைச் சிலர் இன்னும் சிபாரிசு செய்கிறார்கள். சி பிளஸ் பிளஸ் தரப்படுத்தப்பட்டதே 1998-இல்தான், ஆகவே அதிலுள்ள நிரல்களை அப்படியே எடுக்க முடியாது. சிந்தனை முறைக்காகப் புரட்டலாம், முதல் புத்தகமாக வேண்டாம்.

பைத்தான் என்றால் லாங்டாங்கனின் "எ பிரைமர் ஆன் சயின்டிஃபிக் புரோகிராமிங் வித் பைத்தான்". தொகையீட்டு விதிகளை, அதாவது நடுப்புள்ளி, சரிவகம் போன்றவற்றை, ஒரே தாய் கிளாஸின் வாரிசுகளாக எழுதிக் காட்டுவார். நான் பார்த்ததில் இன்ஹெரிட்டன்ஸ், அதாவது தாய் கிளாஸிலிருந்து வாரிசு பெற்றுக்கொள்வது, உண்மையாகவே பயன்படும் உதாரணம் அதுதான். பழைய பதிப்புகள் பைத்தான் 2, கவனம். ஜூலியா மொழியை விட்டுவிட்டாயே என்று ஒருவர் வருவார், தெரியும். அங்கே மெதட், அதாவது வேலையைச் செய்யும் ஃபங்ஷன், எந்த ஆப்ஜெக்டுக்கும் சொந்தமில்லை, அது வேறு பாடம், வேறு கேள்வியாகக் கேளுங்கள்.

இன்னொன்று, கேட்கவில்லை என்றாலும் சொல்லிவிடுகிறேன். அந்தத் துகள் நிரலை வைத்துக் கட்டுரைகள் வெளிவந்தன. நிரலை எழுதியவர்களுக்குக் கடைசிப் பக்கத்தில், நன்றி வரியில், உதவியாளர்களோடு சேர்த்து ஓர் இடம். பதவி உயர்வுக் குழுவில் "நீங்கள் என்ன வெளியிட்டீர்கள்" என்று கேட்டார்கள், வெளியான அத்தனையும் ஓடியது எதில் என்று யாரும் கேட்கவில்லை. நீங்கள் இப்போதுதான் ஆரம்பிக்கிறீர்கள் என்றால், நிரலுக்கு உங்கள் பெயரில் பதிப்பு எண்ணும் மேற்கோள் காட்டும் முறையும் முதல் நாளே போட்டு வையுங்கள். கிளாஸை அப்புறம் எழுதிக்கொள்ளலாம்.