உங்கள் காரின் பின்சக்கரத்தில் பிரேக் பேடே இல்லை

கேள்வி: எங்களிடம் 2019 மாடல் விடாரா பிரெஸ்ஸா (டீசல், மேனுவல் கியர்) இருக்கிறது. 46,000 கி.மீ. ஓடியிருக்கிறது. சில நாட்களாகக் காலையில் வண்டியை எடுத்து முதல் இரண்டு மூன்று முறை பிரேக் போடும்போது ‘கர்’ரென்று சத்தம் வருகிறது, பிறகு நின்றுவிடுகிறது. சர்வீஸுக்கு விட்டபோது, “நான்கு சக்கரத்துக்கும் பிரேக் பேட் போச்சு, முன்னால் டிஸ்க்கும் மாற்ற வேண்டும்” என்று ரூ.18,400க்கு எஸ்டிமேட் கொடுத்தார்கள். வெளியில் மாற்றினால் வாரன்டி போய்விடும் என்றும் சொன்னார்கள். என் மாமாவுக்குத் தெரிந்த மெக்கானிக் ஒருவர், 900 ரூபாய்க்கு செராமிக் பேட் வாங்கிப் போட்டுத் தருகிறேன் என்கிறார். இன்னும் பத்து நாளில் குழந்தைகளையும் மாமியாரையும் அழைத்துக்கொண்டு வால்பாறை போகிறோம். என்ன செய்வது? (திருப்பூர் வாசகி)

பதில்: முதலில் அந்த எஸ்டிமேட்டை எடுத்து, ‘நான்கு சக்கரத்துக்கும் பிரேக் பேட்’ என்று எழுதியிருக்கும் வரியைப் பாருங்கள். உங்கள் பிரெஸ்ஸாவில் முன்சக்கரம் இரண்டில்தான் டிஸ்க் பிரேக், அதாவது சக்கரத்தோடு சுற்றும் வட்டத் தகட்டைப் பேட் கவ்விப் பிடிக்கும். பின்சக்கரம் இரண்டிலும் டிரம் பிரேக், அதாவது சக்கரத்தோடு சுற்றும் ஒரு இரும்புக் கிண்ணம். டிரம்முக்குள் இருப்பது பேட் இல்லை, பிறை வடிவில் இருக்கும் பிரேக் ஷூ. அதில் ஒட்டியிருப்பதை நம் ஊர் பட்டறையில் லைனர் என்பார்கள். ஆக, இல்லாத பொருளுக்கு உங்களிடம் பணம் கேட்டிருக்கிறார்கள். எழுதியவர் சக்கரத்தைக் கழற்றியே பார்க்கவில்லை என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டாம். கிலோமீட்டர் மீட்டரைப் பார்த்து எழுதியிருக்கிறார்.

இது எனக்கு ஆறாத கோபம். சர்வீஸ் அட்வைசர்களுக்கு மாதம் இவ்வளவு ஸ்பேர் விற்க வேண்டும் என்று இலக்கு வைத்துவிடுகிறார்கள். அந்த இலக்கு கடைசியில் உங்களைப் போன்றவர்களின் ஜாப் கார்டில் வந்து விழுகிறது. பிரேக் என்று சொன்னால் யாரும் மறுத்துப் பேச மாட்டார்கள், குழந்தைகள் ஏறும் வண்டி வேறு. அந்தப் பயத்தை வைத்துத்தான் இந்த வியாபாரமே நடக்கிறது.

சத்தத்துக்கு வருகிறேன். காலையில் முதல் இரண்டு மூன்று முறை மட்டும் கேட்டு, பிறகு நின்றுபோகும் சத்தம் பெரும்பாலும் துரு. டிஸ்க் வார்ப்பிரும்பு. ராத்திரி பனி விழுந்தாலோ, வண்டியைக் கழுவி நிறுத்தினாலோ மேலே மெல்லிய செந்துரு படியும். பேட் அதைச் சுரண்டி எடுக்கும்போது கேட்பதுதான் அந்தக் ‘கர்’. இதற்காக எதையும் மாற்ற வேண்டாம். பயப்பட வேண்டிய சத்தங்கள் வேறு. நாள் முழுக்கத் தொடர்ந்து வரும் ‘கீச்’ ஒன்று. பல பேட்களில் ஒரு சின்னத் தகடு இருக்கும், பேட் தேய்ந்ததும் அது டிஸ்க்கைத் தொட்டுக் கத்தும். இன்னொன்று, எப்போது பிரேக் மிதித்தாலும் இரும்போடு இரும்பு அரைபடும் சத்தம். அது வந்தால் வண்டியை எடுக்கவே கூடாது.

ஆனாலும் 46,000 கி.மீ. ஓடிய வண்டியை மலைக்குக் கொண்டுபோகும் முன் பேட்டைப் பார்த்துவிடுவது நல்லது. நீங்களே பார்க்கலாம். முன்சக்கரத்தைக் கழற்றச் சொல்லி, பக்கத்தில் நின்று பாருங்கள். டிஸ்க்கை இரண்டு பக்கமும் கவ்விக்கொண்டு ஒரு இரும்புக் கூடு இருக்கும், அதுதான் காலிப்பர். அதற்குள் பக்கத்துக்கு ஒன்றாக இரண்டு பேட். ஒவ்வொரு பேட்டும் ஒரு இரும்புத் தகடு, அதன் மேல் ஒட்டிய கறுப்பு உராய்வுப் பொருள், அவ்வளவுதான். இரும்புத் தகட்டை விட்டுவிட்டுக் கறுப்பை மட்டும் கணக்கில் எடுங்கள். புதிதில் அது ஏறக்குறைய 10 மி.மீ. இருக்கும். 3 மி.மீ. வந்தால் மாற்ற வேண்டும். கையில் அளவுகோல் இல்லையா? இரண்டு ஒரு ரூபாய் நாணயங்களை ஒன்றன்மேல் ஒன்றாக வையுங்கள், கிட்டத்தட்ட 3 மி.மீ. வந்துவிடும். கறுப்பு அதைவிடத் தடிமனாக, 5, 6 மி.மீ. இருந்தால் வால்பாறை போய்த் திரும்பி, அடுத்த சர்வீஸில் பார்த்துக்கொள்ளலாம்.

உள்பக்கப் பேட்டையும் கட்டாயம் பார்க்கச் சொல்லுங்கள். சக்கரத்தின் இடுக்கு வழியாக டார்ச் அடித்து, “நல்லா இருக்குங்க” என்று அனுப்புபவர்கள் வெளிப்பக்கத்தை மட்டும்தான் பார்க்கிறார்கள். காலிப்பர் வழுக்கி நகர உதவும் ‘பின்’ என்ற கம்பி இறுகிப்போனால் உள்பேட் மட்டும் தகடு வரை தேய்ந்திருக்கும், வெளிப்பேட் புதிது போல இருக்கும்.

டிஸ்க்கைப் பொறுத்தவரை, அதற்குக் குறைந்தபட்ச தடிமன் எவ்வளவு என்பது பெரும்பாலும் அதன் ஓரத்திலோ நடுப்பகுதியிலோ ‘மின் டிஹெச்’ (MIN TH) என்று பொறித்திருக்கும். அளந்து அந்த எண்ணுக்குக் கீழே போயிருந்தால் மாற்ற வேண்டும், இல்லையென்றால் வேண்டாம். அளக்கும்போது மைக்ரோமீட்டர் என்ற நுண்ணளவுக் கருவியை வைக்கச் சொல்லுங்கள். சாதா வெர்னியர் அளவுகோல், பேட் தொடாத வெளி விளிம்பில் நிற்கும் வரப்பின் மேல் உட்கார்ந்து தவறான அளவு காட்டும். பேட் அறவே தேய்ந்து இரும்பு டிஸ்க்கைக் கிழித்திருந்தால் ஒழிய, 46,000 கி.மீ.யில் டிஸ்க் முடிந்துபோவதை நான் அபூர்வமாகத்தான் பார்த்திருக்கிறேன். லேசான கோடுகள் இருப்பது சகஜம். பிரேக் போடும்போது ஸ்டீயரிங் உதறுகிறதா? அப்படி எதுவும் நீங்கள் எழுதவில்லை. டிஸ்க்கை விட்டுவிடுங்கள்.

பின்னால் இருக்கும் லைனர் பேட்டை விட மெதுவாகத் தேயும். பிரேக் போட்டால் வண்டியின் பாரம் முன்னால் சாயும், வேலையில் பெரும்பங்கு முன்சக்கரத்துக்கு. அதனால் பேட் மாற்றும்போதெல்லாம் லைனரையும் ‘ஒரே வேலையா முடிச்சிடலாம்’ என்று மாற்றத் தேவையில்லை. இதற்கு ஒரு விதிவிலக்கு உண்டு. கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் இதைக் கண்டுபிடித்த பிறகும் மழுப்பி அனுப்பிவிடுகிறார்கள்.

டிரம்முக்குள் ஷூவைத் தள்ளுவதற்கு ஒரு சின்ன வீல் சிலிண்டர் இருக்கும். அதன் இரு முனையிலும் ரப்பர் மூடி. உள்ளே இருக்கும் சீல் தளர்ந்தால் பிரேக் ஆயில் கசிந்து லைனரில் இறங்கும். ஒருமுறை என்னிடம் ஒரு வண்டி வந்தது. அழுத்திப் பிரேக் போட்டால் பின்பக்கம் ஒருபுறமாக வாருகிறது என்றார்கள். டிரம்மைக் கழற்றினால் லைனர் நல்ல தடிமனாக இருக்கிறது, இன்னும் பல ஆயிரம் கிலோமீட்டர் ஓடும் போல. ஆனால் மேல் பாதி கறுத்து, ஈரமாகப் பளபளத்தது. விசாரித்தால், இரண்டு வாரத்துக்கு முன்பே வேறொரு பட்டறையில் பார்த்து, பெட்ரோல் போட்டுத் துடைத்து, உப்புத்தாளால் தேய்த்து மாட்டிவிட்டிருக்கிறார்கள். லைனருக்குள் ஊறிய பிரேக் ஆயில் துடைத்தால் போகாது. சூடு ஏறினால் மறுபடி மேலே வரும். அதனால் ஆயில் ஊறிய லைனர் எவ்வளவு தடிமனாக இருந்தாலும் குப்பைதான். முதலில் சிலிண்டரைச் சரிசெய்ய வேண்டும், பிறகு இரண்டு பக்கத்துக்கும் சேர்த்துப் புது ஷூ போட வேண்டும். ஒரு பக்கம் மட்டும் மாற்றினால் மறுபடி வாரும். ஆகவே பின் டிரம் இரண்டையும் கழற்றி, ஸ்க்ரூடிரைவர் முனையால் அந்த ரப்பர் மூடியின் ஓரத்தை லேசாக விலக்கிக் காட்டச் சொல்லுங்கள். சொட்டும் அளவுக்கு ஈரம் இருந்தால் வேலை இருக்கிறது. காய்ந்திருந்தால், தூசியைத் துடைத்து மாட்டினால் போதும்.

அந்தத் தூசியைக் காற்றடித்து ஊத விடாதீர்கள். விலை மலிந்த லைனரில் கல்நார் (ஆஸ்பெஸ்டாஸ்) இருக்கலாம். இந்தியாவில் கல்நார் இன்னும் முழுவதுமாகத் தடை செய்யப்படவில்லை. நுரையீரலைக் கெடுப்பது என்று உலகமே ஒத்துக்கொண்ட பொருள், நாம் இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறோம். ஈரத் துணியால் துடைக்கட்டும், குழந்தைகள் பக்கத்தில் நிற்க வேண்டாம்.

வாரன்டி மிரட்டல் வெறும் மிரட்டல். 2019 வண்டிக்கு இனி என்ன வாரன்டி? இருந்தாலும், தேய்ந்துபோகும் பேட்டுக்கு அது பொருந்தாது. வெளியில் வேலை பார்த்ததற்காகவே மொத்த வாரன்டியையும் ரத்து செய்வோம் என்று நிபந்தனை போடக்கூடாது என்று இந்தியப் போட்டி ஆணையம் 2014 ஆகஸ்டிலேயே உத்தரவு போட்டது. ஸ்பேர் பார்ட்ஸை வெளிச்சந்தைக்கு விடாமல் கட்டுப்படுத்தினார்கள் என்று 14 கார் கம்பெனிகளுக்கு மொத்தம் ரூ.2,544 கோடிக்கு மேல் அபராதம் விதித்த உத்தரவு அது. அப்புறம் என்ன, வழக்கு, மேல்முறையீடு என்று இழுத்துக்கொண்டே போனது. கவுன்டரில் நிற்கும் உங்களிடம் இன்றைக்கும் அதே பழைய வசனத்தைத்தான் சொல்கிறார்கள்.

இனி, மாமாவின் மெக்கானிக். அவர் நல்லவராகவே இருக்கலாம். ஆனால் ஸ்பேரை அவர் கையால் வாங்கி வரும்போது கடைக்காரர் கொடுக்கும் கமிஷன் நடுவில் வந்துவிடுகிறது. எந்தப் பெட்டியில் கமிஷன் அதிகமோ அந்தப் பெட்டிதான் உங்கள் சக்கரத்துக்கு வரும். ‘செராமிக்’ என்ற சொல்லுக்கு மயங்க வேண்டாம். நல்ல செராமிக் பேட் சத்தமும் தூசியும் குறைவாகத் தரும், ஆனால் விலை கூடுதல். 900 ரூபாய்க்குக் கிடைப்பது பெட்டியில் அச்சடித்த செராமிக். மலிவுப் பேட் ஊருக்குள் நன்றாகவே பிடிக்கும். மலை இறக்கத்தில் சூடேறினால்தான் பிடிப்பை விட்டுவிடும், அந்த நேரத்தில் வண்டிக்குள் நீங்கள் ஐந்து பேர் இருப்பீர்கள்.

உங்கள் வண்டிக்குக் கார் கம்பெனியின் ஒரிஜினல் பேட் போதும். இல்லையென்றால் பெயர்பெற்ற பிரேக் தயாரிப்பாளரின் பேட். நம் சென்னையிலேயே பாடியிலும் அம்பத்தூரிலும் பல பத்தாண்டுகளாகப் பிரேக் பாகங்கள் செய்கிறார்கள், அவை வெளிச்சந்தையிலும் கிடைக்கின்றன. வண்டியின் ஆர்.சி.யை எடுத்துக்கொண்டு நீங்களே கடைக்குப் போங்கள். பார்ட் நம்பரையும் எம்.ஆர்.பி.யையும் சரிபாருங்கள். அட்டைப்பெட்டி மங்கலாக அச்சாகியிருந்தால் வேண்டாம். ஜி.எஸ்.டி. பில் கட்டாயம் வாங்குங்கள். பில் தர யோசிக்கும் கடையில் பிரேக் வாங்கக்கூடாது. மெக்கானிக்குக் கூலியைத் தனியாகக் கொடுங்கள், கூடவே நூறு இருநூறு சேர்த்துக் கொடுத்தாலும் தப்பில்லை.

வேலை நடக்கும்போது பக்கத்தில் இருங்கள். இடது வலது இரண்டு பக்கமும் சேர்த்தே பேட் மாற்ற வேண்டும். காலிப்பரைக் கழற்றியதும் அதைப் பிரேக் ஹோஸில் (ஆயில் வரும் ரப்பர் குழாயில்) தொங்க விடக்கூடாது, கம்பி போட்டுக் கட்டித் தொங்கவிட வேண்டும். காலிப்பர் வழுக்கி நகரும் அந்தப் ‘பின்’னைத் துடைத்து, பிரேக்குக்கென்றே உள்ள கிரீஸ் தடவ வேண்டும். கையில் இருக்கும் சாதா கிரீஸ் ரப்பரை ஊத வைத்துவிடும். காலிப்பருக்குள் இருந்து பேட்டை அழுத்தும் பிஸ்டனை உள்ளே தள்ளும்போது பிரேக் ஆயில் டப்பாவில் மட்டம் ஏறும். பேட் தேயத் தேய மட்டம் குறைவது இயல்பு, அது தெரியாமல் யாராவது நடுவில் ஊற்றி நிரப்பியிருந்தால் இப்போது வழியும். பெயின்ட்டில் பட்டால் அரித்துவிடும், உடனே தண்ணீர் விட்டுக் கழுவச் சொல்லுங்கள். பிரேக் ஆயில் மாற்றி இரண்டு வருடம் ஆகியிருந்தால் அதையும் மாற்றிவிடுங்கள். அது காற்றில் உள்ள ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும். டாட் 4 என்ற தரத்தில் உள்ள ஆயில் புதிதில் 230 டிகிரி வரை கொதிக்காமல் தாங்க வேண்டும், ஈரம் ஏறிய பிறகு தாங்க வேண்டிய அளவு 155 டிகிரிதான். கொதித்தால் குமிழி வரும், பெடல் பஞ்சு போல அமுங்கும். டாட் 3ஆ டாட் 4ஆ என்பது டப்பா மூடியிலேயே எழுதியிருக்கும்.

எல்லாம் முடிந்து சாவியைக் கையில் கொடுத்ததும் வண்டியை நகர்த்தாதீர்கள். பிஸ்டன் உள்ளே போயிருப்பதால் முதல் மிதியில் பெடல் தரையைத் தொடும். பெடல் கல்லு மாதிரி நிற்கும் வரை நாலைந்து முறை மிதித்துவிட்டுப் பிறகு ஸ்டார்ட் பண்ணுங்கள். இதை மறந்து பட்டறைச் சுவரில் போய் மோதிய வண்டிகள் உண்டு.

பேட் மாற்றுவதாக இருந்தால் இந்த வாரத்துக்குள் மாற்றுங்கள், கிளம்புவதற்கு முதல் நாள் வேண்டாம். புதுப் பேட் டிஸ்க்கோடு பழக வேண்டும். ஆள் நடமாட்டம் இல்லாத சாலையில் 60 கி.மீ. வேகத்திலிருந்து 20 வரை மெதுவாகக் குறைத்து, மறுபடி வேகம் பிடித்து, இப்படி எட்டுப் பத்து முறை. நடுவில் முழுவதுமாக நிறுத்திப் பெடலை அழுத்திக்கொண்டே இருக்கக்கூடாது. முதல் 200 கி.மீ. வரை திடீர்ப் பிரேக்கைத் தவிர்த்து ஓட்டுங்கள்.

ஆழியாறிலிருந்து வால்பாறைக்கு 40 கொண்டை ஊசி வளைவுகள். ஏறும்போது இருக்கும் அதே கியரில் இறங்குங்கள், இரண்டாவது அல்லது மூன்றாவது. நியூட்ரல் கூடவே கூடாது. பிரேக் மேல் காலை வைத்துக்கொண்டே வராமல், வளைவுக்கு முன் அழுத்திக் குறைத்துவிட்டுக் காலை எடுத்துவிடுங்கள். கருகிய வாடை வந்தால் அகலமான இடம் பார்த்து ஒதுங்கி, அரை மணி நேரம் காத்திருங்கள். சூடான சக்கரத்தில் தண்ணீர் ஊற்ற யாரையும் விடாதீர்கள், டிஸ்க் வளைந்துபோகும்.