ஷீஃப்: துண்டுகள் ஒட்டும்போதும் ஒட்டாதபோதும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

அண்மையில் ஒரு சமூகவியல் கட்டுரையில், நாம் ஒவ்வொருவரும் உண்மையின் ஒரு பகுதியை மட்டுமே அறிகிறோம் என்றும், அந்தப் பகுதிகள் ஒன்றுகூடி முழு உண்மையாவதைக் கணிதம் ‘ஷீஃப்’ என்ற கருத்தால் விளக்குகிறது என்றும் படித்தேன். யானையைத் தடவிப் பார்த்த பார்வையற்றோரின் கதை அதற்கு எடுத்துக்காட்டாகத் தரப்பட்டிருந்தது. நான் கல்லூரியில் கணிதம் படித்தவன். கலப்பெண் சார்புகள் வரை ஓரளவு நினைவிருக்கிறது, இந்தச் சொல் மட்டும் எந்தப் பாடத்திலும் வந்ததில்லை. இணையத்தில் தேடிப் படித்த வரையறையில் நிபந்தனைகள் புரிந்தன, அவை எதற்கு என்பது புரியவில்லை. ஷீஃப் என்றால் உண்மையில் என்ன? கட்டுரையாளர் அதைப் பயன்படுத்தியது சரிதானா? கணிதத்துக்கு வெளியே அந்தச் சொல்லுக்கு இடம் உண்டா?

அன்புடன்,
ஆர்.

அன்புள்ள ஆர்.,

கட்டுரையாளர் சரியான திசையில்தான் கைகாட்டியிருக்கிறார். பகுதியிலிருந்து முழுமைக்குச் செல்லும் வழியைப் பற்றியதுதான் ஷீஃப் கோட்பாடு. ஆனால் பகுதிகள் ஒன்றுகூடி முழுமையாகிவிடும் என்று அது எங்கும் உறுதி சொல்வதில்லை. எப்போது கூடும், கூடாதபோது தடையாக நிற்பது எது, அந்தத் தடையின் அளவு என்ன என்ற கேள்விகளுக்காகத்தான் அது வளர்ந்தது. ‘முழுமை உண்டு’ என்ற ஆறுதலாக அதை வாசித்தால் அந்தச் சொல்லின் உயிர்ப்பகுதி விடுபட்டுப்போகும்.

வரையறையிலிருந்து தொடங்குவோம். ஒரு வெளியை எடுத்துக்கொள்ளுங்கள். எண்கோடாக இருக்கலாம், தளமாக இருக்கலாம், கோளத்தின் மேற்பரப்பாக இருக்கலாம். அதன் ஒவ்வொரு திறந்த கணத்துக்கும், அதாவது தன் எல்லைப் புள்ளிகளைச் சேர்த்துக்கொள்ளாத ஒவ்வொரு பகுதிக்கும், ஒரு தகவல் தொகுப்பை ஒதுக்குகிறோம். எளிய எடுத்துக்காட்டு, அந்தத் திறந்த கணத்தின்மீது வரையறுக்கப்பட்ட தொடர்ச்சியான சார்புகள் அனைத்தும். பெரிய திறந்த கணத்தின்மீதுள்ள ஒரு சார்பை அதனுள் அடங்கிய சிறிய கணத்துக்குக் குறுக்கிக்கொள்ளலாம். பெரியதிலிருந்து நடுத்தரத்துக்கும் அதிலிருந்து சிறியதற்கும் படிப்படியாகக் குறுக்கினாலும், நேராகச் சிறியதற்கே குறுக்கினாலும் ஒரே விடைதான் வரும். இவ்வளவு இருந்தால் அதற்குப் பிரீஷீஃப் என்று பெயர். ஒவ்வொரு தகவலையும் ‘செக்‌ஷன்’ என்பார்கள். வெளி முழுவதன்மீதும் உள்ள செக்‌ஷனைக் ‘குளோபல் செக்‌ஷன்’ என்பார்கள்.

பிரீஷீஃப் ஷீஃபாக வேண்டுமானால் இன்னும் இரண்டு நிபந்தனைகள் நிறைவேற வேண்டும். ஒரு திறந்த கணத்தைச் சிறு திறந்த கணங்களால் மூடியிருக்கிறோம் என்று கொள்வோம். அந்தச் சிறு கணங்கள் ஒவ்வொன்றிலும் ஒன்றாகத் தெரியும் இரு செக்‌ஷன்கள் மொத்தத்திலும் ஒன்றாகவே இருக்க வேண்டும் என்பது முதல் நிபந்தனை. ஒவ்வொரு சிறு கணத்தின்மீதும் ஒரு செக்‌ஷன் தரப்பட்டு, எந்த இரு கணங்கள் வெட்டிக்கொள்ளும் இடத்திலும் அவற்றின் செக்‌ஷன்கள் ஒத்துப்போனால், அவை அனைத்தையும் தன்னுள் கொண்ட ஒரு செக்‌ஷன் மொத்தத்தின்மீதும் இருக்க வேண்டும் என்பது இரண்டாவது.

இரண்டாவது நிபந்தனை வெறும் சடங்கன்று என்பதை ஓர் எடுத்துக்காட்டால் காணலாம். மெய்யெண் கோட்டின்மீது வரம்புள்ள சார்புகளை, அதாவது மதிப்புகள் ஒரு குறிப்பிட்ட அளவைத் தாண்டாத சார்புகளை, மட்டும் எடுத்துக்கொள்வோம். ஒவ்வோர் எண்ணுக்கும் அதே எண்ணைத் தரும் சார்பு, நீளம் 2 கொண்ட எந்தத் திறந்த இடைவெளியிலும் வரம்புள்ளதே. அத்தகைய இடைவெளிகள் ஒன்றன்மேல் ஒன்று படிந்து கோடு முழுவதையும் மூடுகின்றன. வெட்டுகளில் சிறு முரண்பாடும் இல்லை. ஆயினும் அவற்றை ஒட்டிக் கிடைக்கும் சார்பு கோடு முழுவதிலும் வரம்புள்ளதாக இல்லை. ஆகவே வரம்புள்ள சார்புகள் பிரீஷீஃப் ஆகுமே தவிர ஷீஃப் ஆகா. வரம்புடைமை என்பது மொத்தத்தைப் பார்த்தால் மட்டுமே தெரியும் பண்பு. தொடர்ச்சியோ ஒவ்வொரு புள்ளியின் அருகிலும் தனித்தனியே சோதித்துப் பார்க்கக்கூடிய பண்பு. ஒரு பண்பு இவ்விரண்டில் எந்த வகையைச் சேர்ந்தது என்று பிரித்துக் காட்டுவதே ஷீஃப் நிபந்தனை செய்யும் முதல் வேலை.

இப்போது யானைக் கதைக்கு வருகிறேன். ஒருவர் காலைத் தொடுகிறார், மற்றொருவர் காதைத் தொடுகிறார்; ஒருவர் தொட்ட இடத்தை மற்றவர் தொடுவதே இல்லை. ஷீஃபின் மொழியில், அவர்களுடைய கணங்களுக்கு வெட்டே கிடையாது. வெட்டில்லாத இடத்தில் ஒப்பிட எதுவும் இல்லை. எனவே இரண்டாவது நிபந்தனை எந்தத் தகவலோடும் எந்தத் தகவலையும் ஒட்ட அனுமதித்துவிடும். தூணும் முறமும் சேர்ந்த ஒன்று யானையாக இருந்தாலும் இல்லாவிட்டாலும் ஷீஃபுக்கு அதில் மறுப்பில்லை. இருவரும் கை நீட்டி ஒரே இடத்தைத் தொட்டு, அங்கே தாம் உணர்ந்ததை ஒப்பிட்டிருந்தால்தான் இந்தக் கோட்பாட்டுக்கு வேலை வந்திருக்கும். கட்டுரையாளர் தேர்ந்த உவமையில் இன்றியமையாத உறுப்பே இல்லை.

இதைவிட ஆழமான ஒன்று இருக்கிறது. ஷீஃபின் இரு நிபந்தனைகளும் நிறைவேறிய பிறகும் முழுமை கிடைக்காமல் போகலாம். நீங்கள் கலப்பெண் சார்புகளைப் படித்தவர் என்பதால் மடக்கையைக் கொண்டே இதைச் சொல்கிறேன். கலப்பெண் தளத்திலிருந்து ஆதியை மட்டும் நீக்கிவிடுங்கள். ஒவ்வொரு திறந்த கணத்துக்கும், அதன்மீது வரையறுக்கத்தக்க மடக்கைச் சார்புகளை, அதாவது அடுக்கேற்றினால் அதே கலப்பெண்ணைத் திருப்பித் தரும் பகுமுறைச் சார்புகளை, ஒதுக்குவோம். இது ஐயமின்றி ஒரு ஷீஃப். சிறு வட்டத்தகடு எதன்மீதும் இதற்குச் செக்‌ஷன்கள் எண்ணற்றவை இருக்கின்றன. ஆதி நீக்கிய தளம் முழுவதன்மீதும் ஒன்றுகூட இல்லை.

ஏன் இல்லை என்பதைக் கையால் கணக்கிட்டே பார்த்துவிடலாம். தளத்திலிருந்து ஆதியையும் குறை மெய்யச்சையும் நீக்கிக் கிடைக்கும் பகுதியை ‘அ’ என்போம்; ஆதியையும் மிகை மெய்யச்சையும் நீக்கிக் கிடைப்பதை ‘ஆ’ என்போம். ‘அ’வின்மீது கோணத்தை −180 பாகைக்கும் 180 பாகைக்கும் இடையில் அளந்து ஒரு மடக்கையை வரையறுக்கலாம். ‘ஆ’வின்மீது கோணத்தை 0 பாகைக்கும் 360 பாகைக்கும் இடையில் அளந்து மற்றொன்றை வரையறுக்கலாம். இவ்விரு பகுதிகளின் வெட்டு ஒரே துண்டன்று. அது மேல் அரைத்தளம், கீழ் அரைத்தளம் என்று இரு துண்டுகளாக இருக்கிறது. மேல் அரைத்தளத்தில் இரு மடக்கைகளும் ஒன்றே. கீழ் அரைத்தளத்தில் அவை ஒரு முழுச் சுற்று, அதாவது 360 பாகை, வேறுபடுகின்றன. ‘ஆ’வின் மடக்கையை ஒரு சுற்றுக் குறைத்துவிட்டால் கீழே ஒத்துப்போகும், ஆனால் அப்போது மேலே வேறுபாடு வந்துவிடும். நமக்குக் கிடைக்கும் சுதந்திரமெல்லாம் ‘அ’வின் மடக்கையையோ ‘ஆ’வின் மடக்கையையோ முழுச் சுற்றுகளால் ஒட்டுமொத்தமாக நகர்த்துவதுதான், அது மேல் வேறுபாட்டையும் கீழ் வேறுபாட்டையும் ஒரே அளவுதான் மாற்றும். கீழ் வேறுபாட்டிலிருந்து மேல் வேறுபாட்டைக் கழித்தால் வரும் 1 என்ற எண்ணை எந்த நகர்த்தலாலும் அழிக்க முடியாது.

அந்த 1 தான் தடையின் அளவு. வெட்டுகளில் தோன்றும் வேறுபாடுகளை எடுத்து, அவற்றிலிருந்து நகர்த்தல்களால் சரிசெய்துவிடக்கூடியவற்றை விலக்கிய பின் எஞ்சுவதைக் கோஹோமாலஜி என்கிறார்கள். இங்கே நாம் கண்டது முதலாம் கோஹோமாலஜியின் ஓர் உறுப்பு. ஒட்டவில்லை என்று சொல்வதோடு நின்றுவிடாமல், எத்தனை சுற்று ஒட்டவில்லை என்பதையும் அது சொல்கிறது. ஷீஃப் என்ற கருத்தை நான் மிக உயர்வாக மதிப்பதற்குக் காரணம் இதுவே. தோல்வியையும் அது அளவுள்ள ஒரு பொருளாக்கிக் கையில் தருகிறது.

வரலாறும் இந்தத் திசையில்தான் சென்றது. பல கலப்பு மாறிகளில், முன்கூட்டிக் குறித்த புள்ளிகளில் மதிப்பு முடிவிலியாகும் சார்புகள் சிறு பகுதிகளில் தரப்பட்டால், அவற்றிலிருந்து முழுப் பகுதியிலும் பொருந்தும் ஒரே சார்பைக் கட்ட முடியுமா என்ற கேள்வியை 1895இல் பியர் கூஸான் எழுப்பினார். ஒரு மாறியில் எப்போதும் முடிவது பல மாறிகளில் சில பகுதிகளில் முடியாமல் போயிற்று. ஜப்பானியக் கணிதவியலாளர் கியோஷி ஒகா இதில் பல ஆண்டுகள் உழைத்து, 1939இல், குறிப்பிட்ட வகைப் பகுதிகளில் கூஸானின் இரண்டாவது கேள்விக்கு (குறித்த இடங்களில் பூச்சியமாகும் சார்பைக் கட்டுவது பற்றியது) பகுமுறைச் சார்புகளால் விடை கிடைக்குமா என்பது, தொடர்ச்சியான சார்புகளால் கிடைக்குமா என்பதை மட்டுமே பொறுத்தது என்று காட்டினார். தடை இடவியல் சார்ந்தது, அதாவது பகுதியின் வடிவ அமைப்பைப் பொறுத்தது என்பது அதில் வெளிப்பட்டது.

ஷீஃபுக்கு அப்பெயரைப் பிரெஞ்சு மொழியில் சூட்டியவர் ழான் லெரே. பாய்மங்களின் இயக்கத்தைப் பற்றி 1934இல் அடிப்படையான ஆய்வை வெளியிட்டவர் அவர். இரண்டாம் உலகப் போரில் சிறைப்பட்டு, 1940 முதல் 1945 வரை ஆஸ்திரியாவின் எடெல்பாக் முகாமில் இருந்தார். தம் பாய்மவியல் அறிவைப் போருக்குப் பயன்படுத்தும்படி கட்டாயப்படுத்திவிடுவார்களோ என்று அஞ்சி, அதை மறைத்துக்கொண்டு இடவியல் ஆய்வில் இறங்கினார். ஷீஃபும் அதன் கோஹோமாலஜியும் அந்த ஆய்வின் தொடர்ச்சியில் பிறந்தவை. சொல் 1946இல் அச்சில் வந்தது. பாரிசில் ஹென்றி கார்ட்டானின் கருத்தரங்கு அந்த வரையறையைச் செதுக்கி, ஒகாவின் முடிவுகளை அதன் மொழியில் மறுபடி எழுதியது. 1955இல் ழான்-பியர் செர் இதை இயற்கணித வடிவியலுக்குக் கொண்டுவந்தார். 1957இல் ஜப்பானின் தொகோகு கணித இதழில் வெளியான நீண்ட கட்டுரையில் அலெக்சாண்டர் குரோத்தெண்டிக் கோஹோமாலஜிக்கு மிகப் பொதுவான அடித்தளம் அமைத்தார். பின்னர் அவர் ‘திறந்த கணம்’ என்ற கருத்தையே விரிவாக்கி உருவாக்கிய கோஹோமாலஜியைக் கொண்டு, ஆந்த்ரே வெய் 1949இல் முன்வைத்த ஊகங்களின் கடைசிப் பகுதியைப் பியர் டெலீன் நிறுவினார். அந்த ஆய்வு 1974இல் வெளியாயிற்று. முடிவுறு களங்களில், அதாவது எண்ணத்தக்க சில எண்கள் மட்டுமே கொண்ட எண் அமைப்புகளில், ஒரு சமன்பாட்டுக்கு எத்தனை தீர்வுகள் என்று எண்ணும் வேலைக்கு, ஒட்டும் தகவல்களைப் பற்றிய கோட்பாடு கருவியானது.

கணிதத்துக்கு வெளியே இந்தச் சொல்லைப் பயன்படுத்தலாமா என்று கேட்டிருந்தீர்கள். பயன்படுத்தலாம்; நேர்மையாகப் பயன்படுத்தியவர்களும் இருக்கிறார்கள். ரோஜர் பென்ரோஸ் தம் தந்தை லயனலுடன் 1958இல் வெளியிட்ட, இருக்கவே முடியாத முக்கோணத்தின் படத்தை நீங்கள் பார்த்திருப்பீர்கள். அதன் ஒவ்வொரு மூலையும் தனியே பார்த்தால் முப்பரிமாணத்தில் செய்துவிடக்கூடிய பொருளாகவே தெரியும். மூன்றும் சேர்ந்து மட்டும் எந்தப் பொருளும் ஆவதில்லை. 1992இல் பென்ரோஸ் இதைக் கோஹோமாலஜியாகவே எழுதிக் காட்டினார். ஒவ்வொரு மூலையும் கண்ணிலிருந்து எவ்வளவு தொலைவில் இருக்கிறது என்பதைப் படம் சொல்வதில்லை. எனவே அந்தத் தொலைவை ஏதேனும் ஒரு மிகையெண்ணால் பெருக்கிக்கொள்ளும் உரிமை நமக்கு உண்டு. அடுத்தடுத்த மூலைகள் சந்திக்கும் இடங்களில் தொலைவுகளின் விகிதங்களைக் குறித்துக்கொண்டு, மூன்று விகிதங்களையும் பெருக்கினால் 1 வந்தால்தான் அப்பொருள் இருக்க முடியும். வராவிட்டால், மூலைகளை முன்னும் பின்னும் எப்படி நகர்த்தினாலும் அது வராது. மடக்கையில் கூட்டலாக இருந்தது இங்கே பெருக்கலாக இருக்கிறது, கணக்கு ஒன்றே.

இயற்பியலில் சாம்சன் ஆப்ராம்ஸ்கியும் ஆடம் பிராண்டன்பர்கரும் 2011இல் வெளியிட்ட ஆய்வு மற்றொன்று. குவாண்டம் அளவீடுகளில் எவற்றை ஒருசேரச் செய்ய முடியுமோ அவற்றை ஒரு சூழலாகக் கொண்டால், சூழல்கள் ஒன்றையொன்று வெட்டும் இடங்களில் நிகழ்தகவுகள் ஒத்துப்போகின்றன. ஆயினும் எல்லா அளவீடுகளுக்கும் ஒருசேரப் பொருந்தும் ஒரே நிகழ்தகவுப் பரவல் இல்லாமல் போகிறது. நிகழ்தகவுகள் இங்கே ஷீஃபாக அமையாமல் பிரீஷீஃபாகவே நின்றுவிடுவதைக் கவனியுங்கள். குளோபல் செக்‌ஷன் இல்லை என்ற அந்தக் கூற்றுதான் குவாண்டம் இயற்பியலின் மிக விந்தையான பண்புகளில் ஒன்றை எழுதும் வழியாகிறது.

இவ்விரு பயன்பாடுகளிலும் பகுதிகள் எவை, அவை எங்கே வெட்டிக்கொள்கின்றன, அங்கே எதை எதனோடு ஒப்பிடுகிறோம் என்பதெல்லாம் வெளிப்படையாகக் குறிக்கப்பட்டிருக்கின்றன. உங்கள் கட்டுரையாளர் இரு சமூகங்களின் கூற்றுகள் சந்திக்கும் ஓர் இடத்தைக் காட்டி, அங்கே அவை எவ்வாறு ஒப்பிடத்தக்கவை என்று சொல்லியிருந்தால், அவருடைய வாக்கியத்துக்கு நான் முழு மதிப்பும் தந்திருப்பேன். அதில்லாமல் ‘எல்லோரும் சேர்ந்தால் உண்மை’ என்று சொல்ல ஷீஃப் என்ற சொல் தேவையில்லை. எளிய தமிழே போதும்.

வரையறையின் பயன் புரியவில்லை என்று எழுதியிருந்தீர்கள். நூல்களில் அடுத்து வரும் ஸ்டாக், ஜெர்ம் என்ற சொற்களை இப்போதைக்கு விட்டுவிட்டு, மேலே செய்த கணக்கை வர்க்கமூலத்துக்கு நீங்களே செய்து பாருங்கள். ‘அ’வின்மீதும் ‘ஆ’வின்மீதும் கலப்பெண்ணின் வர்க்கமூலத்தை வரையறுத்தால், மேல் அரைத்தளத்தில் இரண்டும் ஒத்துப்போகும், கீழ் அரைத்தளத்தில் குறி மாறும், எந்தப் பகுதியின் குறியைத் திருப்பினாலும் அந்த முரண் இடம் மாறுமே தவிர நீங்காது. பிறகு கலப்பெண்ணுக்குப் பதிலாக அதன் வர்க்கத்தை எடுத்துக்கொண்டு, அதன் மடக்கையையும் வர்க்கமூலத்தையும் கணக்கிடுங்கள். மடக்கையின் தடை 2 ஆகிவிடும், வர்க்கமூலத்தின் தடையோ மறைந்துவிடும். வர்க்கமூலம் சுற்றுகளின் எண்ணிக்கையில் ஒற்றையா இரட்டையா என்பதை மட்டுமே பார்க்கிறது, 2 இரட்டை எண்.

அன்புடன்.