மாடர்ன் டைம்ஸ்: கன்வேயர் காட்சி படபடப்பது பிரிண்ட் கோளாறா?

கோளாறு இல்லை, அப்படித்தான் எடுத்திருக்கிறார்கள். சினிமாவுக்கு ஒலி வந்துவிட்ட பிறகு, 1936-இல் வெளியான இந்தச் சாப்ளின் படத்திலும் ஆட்கள் ஏன் மௌனப் படம் போலத் துள்ளி ஓடுகிறார்கள் என்று கேட்டிருந்தீர்கள். சாப்ளின் படத்தின் பெரும்பகுதியை நொடிக்கு 18 ஃபிரேமில் (தனித்தனிப் படங்களில்) எடுத்தார். திரையில் ஓடுவது 24. அதனால் அசைவெல்லாம் மூன்றில் ஒரு பங்கு கூடுதல் வேகம்.

சந்தேகமிருந்தால் விஎல்சி வீடியோ பிளேயரில் வேகத்தை 0.75 ஆக்கி, இரண்டு கையிலும் ஸ்பேனரோடு அவர் நட்டு முடுக்கும் இடத்தைப் பாருங்கள். கை இயல்பு வேகத்துக்கு வந்துவிடும். கூடவே காட்சியின் உயிரும் போய்விடும்! தொழிற்சாலையில் ஓடும் கன்வேயர் பெல்ட்டுக்கு உடம்பு ஈடுகொடுக்க முடியாமல் திணறுவதுதானே அங்கே விஷயம். ஒரு நொடி உடம்பைச் சொறிந்தால்கூட அடுத்த ஆளின் வேலை கெடுகிறது.

முழுப் படத்தையும் 0.75-இல் பார்க்காதீர்கள். பின்னணி இசை 24-க்குச் சேர்த்தது, இழுக்கும். கடைசியில் ஹோட்டலில் அவர் பாடும் பாட்டு சுத்தமாகக் கெட்டுவிடும்.

இன்னொன்று: படம் 87 நிமிடம். உங்கள் டிவிடி 83 நிமிடத்தில் முடிந்தால் அது நொடிக்கு 25 ஃபிரேம் ஓடும் PAL (ஒரு டிவி ஒளிபரப்பு முறை) பிரதியாக இருக்கலாம். அந்த 4 சதவீத வேகத்துக்கு மட்டும் சாப்ளின் பொறுப்பில்லை.