ஐஸ்லாந்து நடிகரின் 'முழுத் தொகுப்பு': பணம் கட்டுவதற்கு முன்

கேள்வி: எங்கள் திரைப்படச் சங்கத்தில் ஐஸ்லாந்து நடிகர் இங்வார் சிகுர்ட்சொன் படங்களைத் திரையிட விரும்புகிறோம். இணையத்தில் பட்டியல்கள் முரண்படுகின்றன. முழுத் தொகுப்பும் ஹார்டு டிஸ்கில் இருப்பதாகச் சொல்லி ஒரு முகவர் முன்பணம் கேட்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்க வேண்டாம். அந்த ஹார்டு டிஸ்கில் படங்கள் இருக்கலாம். பொதுவில் திரையிடும் உரிமை இருக்காது. கடையில் காசு கொடுத்து வாங்கிய அசல் டிவிடியும் வீட்டில் பார்ப்பதற்கு மட்டுமே.

பட்டியல் குழம்புவதற்குக் காரணம் பெயர். சிகுர்ட்சொன் என்பது குடும்பப் பெயர் அன்று. நம் தலைப்பெழுத்தைப் போலத் தந்தையின் பெயரைச் சுட்டுவது. ஐஸ்லாந்தின் தொலைபேசிப் புத்தகம் அச்சில் வந்த காலத்தில், அதிலேயே ஆட்களை முதற்பெயர் வரிசையில்தான் அடுக்கினார்கள். எனவே சிகுர்ட்சொன் என்று மட்டும் தேடினால், உறவே இல்லாத பலருடைய படங்களும் வந்து சேரும். விதிவிலக்குப் போலத் தோன்றும் பெயர் ஒன்று உண்டு. இங்வாரை இயக்கிய பால்தசார் கோர்மாகுரின் பெயரில் 'மகன்' என்று பொருள்படும் 'சொன்' விகுதி இல்லை. அதனால் கோர்மாகுரைக் குடும்பப் பெயர் என்று பலர் எண்ணிவிடுகிறார்கள். அவருடைய தந்தை ஸ்பெயினிலிருந்து வந்த ஓவியர். அவர் பெயரும் பால்தசார்தான். கோர்மாகுர் என்பது மகனுக்கு இட்ட இரண்டாவது பெயர். ஆக, அவரையும் பால்தசார் என்றே தேட வேண்டும்.

அடுத்த பொறி தலைப்பு. 2006இல் வந்த 'மீரின்' ஆங்கிலத்தில் 'ஜார் சிட்டி' ஆயிற்று. இரண்டையும் தனித்தனிப் படமாகக் கணக்கிட்டுத் தொகுப்பைப் பெருக்கிக் காட்டும் தரகர்களைப் பார்த்துச் சலித்துவிட்டேன். இங்வார் சிறு வேடங்களில் தோன்றும் ஹாலிவுட் படங்களையும் இதே நோக்கத்தில்தான் சேர்க்கிறார்கள்.

உங்களுக்கு நான்கு படங்கள் போதும். 2000இல் வந்த 'ஏஞ்சல்ஸ் ஆஃப் தி யுனிவர்ஸ்' படத்தில் மனச்சிதைவுக்கு ஆளாகும் இளைஞன். 'மீரின்' படத்தில் வாட்டிய ஆட்டுத்தலையை வாங்கி வந்து, தனியே அமர்ந்து கத்தியால் வகுந்து தின்னும் துப்பறிவாளர். 2019இல் வந்த 'எ ஒயிட், ஒயிட் டே' படத்தில் இறந்த மனைவியைச் சந்தேகிக்கும் காவல்துறைக்காரர். 2022இல் வந்த 'காட்லேண்ட்' படத்தில் டேனிஷ் பாதிரியாரோடு மல்லுக்கு நிற்கும் வழிகாட்டி. அந்த ஆட்டுத்தலைக் காட்சியில் வசனமே இல்லாமல், ஒரு மனிதரின் தனிமை முழுவதையும் அவருடைய தாடை அசைவிலேயே பார்க்கலாம். 2015இல் தொடங்கிய 'டிராப்டு' தொலைக்காட்சித் தொடரில் அவர் காவலர் ஆஸ்கெயிர். அதை உறுப்பினர்கள் வீட்டில் பார்த்துக்கொள்ளட்டும்.

ரெய்க்யவிக்கில் உள்ள ஐஸ்லாந்துத் திரைப்பட மையத்துக்கு எழுதி, ஒவ்வொரு படத்தின் உரிமையும் யாரிடம் இருக்கிறது என்று கேளுங்கள். உரிமை நாட்டுக்கு நாடு கைமாறியிருக்கும். ஒருவர் இன்னொருவரைக் கைகாட்டுவார். நாற்பது பேர் பார்க்கும் ஒரே ஒரு காட்சிக்காக ஒரு சிறு சங்கத்தை இப்படி அலைக்கழிப்பது எந்த வகையிலும் நியாயமில்லை. ஆனாலும் படத்தின் பெயர், திரையிடும் நாள், கட்டணம் ஆகிய மூன்றும் எழுத்தில் வந்த பிறகே பணம் அனுப்புங்கள்.