தகரக் கூரையும் வயலினும் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

கோத்தகிரி பக்கம் நண்பர்கள் சேர்ந்து இருபது நிமிடக் குறும்படம் எடுத்திருக்கிறோம். தேயிலைத் தோட்டத்தில் ஓய்வு பெற்ற பாட்டி, லைன் வீட்டைக் காலி செய்துவிட்டுப் பேத்தியோடு பஸ் ஏறுகிறாள். அவ்வளவுதான் கதை. இசை நான். வீட்டைப் பூட்டும் காட்சியில் தகரக் கூரை மேல் மழை. அங்கே சோகமாக வயலின் போட்டேன். இயக்குநர் இன்னும் அழுத்தம் வேண்டும் என்கிறார். கூட்டக் கூட்டக் காட்சி பலவீனமாகிறது. சினிமாவில் இசையமைப்பாளர்கள் ஒரு கதையை எப்படி அணுகுகிறார்கள்?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

பாட்டியின் முகத்திலேயே துக்கம் இருக்கிறது. வயலின் அதையே ஏன் மறுபடி சொல்ல வேண்டும்? இந்தக் காட்சியின் உணர்ச்சி என்ன என்று தேடாதீர்கள். பாட்டிக்கும் பேத்திக்கும் நடுவே என்ன இருக்கிறது என்று தேடுங்கள்.

உங்கள் மலையிலேயே எடுத்த படம் 'மூன்றாம் பிறை' (1982). நினைவு தப்பிக் குழந்தையாகிவிட்ட பெண், அவளைப் பார்த்துக்கொள்ளும், ஊட்டிக்குப் பக்கத்துக் கேத்தி ஊர் வாத்தியார். இளையராஜா அதற்குப் போட்டது ஒரு தாலாட்டு, 'கண்ணே கலைமானே'. கண்ணதாசனின் கடைசித் திரைப்பாடலாக அறியப்படுவது. ஜேசுதாஸ் குரலில் அவன் அவளைத் தூங்க வைக்கிறான். காதலன் என்பதைவிடத் தாய் என்றே அவன் நம் மனதில் பதிந்துவிடுகிறான். அதனால்தான் கேத்தி ஸ்டேஷனில், மழையில், அவள் அவனை யாரென்றே தெரியாமல் ரயிலில் போகும்போது பிள்ளையைப் பறிகொடுத்தவனாகத் தெரிகிறான். எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைத்துக்கொள்ளும்.

உங்கள் பாட்டி கொழுந்து பறிக்கையில் ஏதாவது முணுமுணுப்பாள் இல்லையா? படத்தின் தொடக்கத்தில் அதை அவளே பாடட்டும், வாத்தியம் வேண்டாம். கடைசியில் பஸ்ஸில் பேத்தி அதைப் பாதி மறந்து பாடட்டும். அவள் மறந்த இடத்தை ஒற்றை வயலின் எடுத்துக்கொள்ளட்டும். வயலினை அதுவரை பத்திரமாக வைத்திருங்கள்.

அப்புறம் மழை. அந்த இரைச்சலில் புல்லாங்குழலின் மூச்சும் வயலினின் மேல்ஸ்தாயியும் கரைந்துவிடும். மழைக்கு நடுவே இசை வேண்டுமென்றால் செல்லோ மாதிரி கீழே ஒலிப்பதைப் பாருங்கள்.

இளையராஜா படத்தைப் பார்த்துவிட்டு, வாத்தியத்தைத் தொடாமல் நேரே தாளில் எழுதுகிறவர். அந்த மேதைமை நமக்கு வராது, ஆனால் அந்த வரிசை வரும். கீபோர்டில் கை வைத்தால் விரல் பழகிய சோகத்துக்கே போகும். முதலில் பாட்டியின் நடையை எண்ணுங்கள். ஓர் அடிக்கு 30 பிரேம் ஆகிறதென்றால், நொடிக்கு 24 பிரேம் கணக்கில் நிமிடத்துக்கு 48 தட்டு. உங்கள் தாளம் அவள் காலிலேயே இருக்கிறது.

பூட்டும் காட்சியை மழையும் பூட்டின் சத்தமும் மட்டும் வைத்து இயக்குநருக்கு ஒருமுறை போட்டுக் காட்டுங்கள். அவர் என்ன சொன்னார் என்று எழுதுங்கள்.